ஊமைப்பட நாட்கள் – 17: முதலாளி வீட்டுத் திரை

போன வாரம் 'டோக்கியோ கோரஸ்' படத்தில் வருகிற குமாஸ்தாவை, பழைய வாத்தியாரின் சாப்பாட்டுக் கடைக்காகத் தெருவில் நோட்டீஸ் கொடுக்க விட்டுவிட்டு வந்தோம். முன்கதை அவ்வளவுதான், மீதி, தொடர்ந்து படிப்பவர்களுக்கு நினைவிருக்கும்.

இந்த வாரம் பென்ஷிகள் வருவார்கள் என்று அறிவித்திருந்தேன். திரைக்குப் பக்கத்தில் நின்று ஊமைப்படத்துக்குக் குரல் கொடுத்த அந்தக் கதைசொல்லிகளைப் பற்றிய குறிப்புகள் தயாராகவே இருக்கின்றன. அவற்றை எடுப்பதற்கு முன்னால் யாசுஜிரோ ஓசுவின் 1932ஆம் ஆண்டுப் படம் ஒன்றை மறுபடி பார்க்க உட்கார்ந்தேன். அதில் ஒரு வீட்டு புரொஜெக்டர் வருகிறது. வாரம் முழுவதும் அந்த இயந்திரத்தின் பின்னாலேயே போய்விட்டது. இதழ் அச்சுக்குப் போகும் நேரம் நெருங்கிவிட்டது. இப்போது எனக்குச் சொல்லத் துடிப்பதும் இதுதான்.

படத்தின் பெயர் 'உமாரேதே வா மிதா கெரெதோ'. தமிழில் 'பிறந்துதான் பார்த்தோம், ஆனாலும்...' என்று வைத்துக்கொள்வோம். ஷோச்சிகு நிறுவனத்தின் கமாட்டா ஸ்டுடியோ தயாரிப்பு. 1932 ஜூன் 3 அன்று வெளியானது. அந்த ஆண்டின் மிகச் சிறந்த ஜப்பானியப் படமாக 'கினேமா ஜுன்போ' பத்திரிகை இதைத்தான் தேர்ந்தெடுத்தது. ஓசுவுக்கு அப்போது 28 வயது. 1933, 1934 ஆகிய ஆண்டுகளிலும் அதே முதலிடம் அவருக்கே போனது. பேச்சில்லாத மூன்று படங்கள், பேசும்படம் வந்த பிறகும், வரிசையாக மூன்று ஆண்டுகள்!

கதையில் பெரிய சம்பவம் என்று எதுவும் கிடையாது. யோஷி என்கிற ஆபீஸ் ஊழியர் மனைவியோடும் பள்ளிக்கூடம் போகும் இரண்டு மகன்களோடும் டோக்கியோவின் புறநகருக்குக் குடிவருகிறார். சாமான் ஏற்றிவந்த லாரியின் சக்கரம் சேற்றில் புதைந்து சும்மா சுற்றுகிறது. படம் அங்கேதான் ஆரம்பிக்கிறது. நல்ல காற்று கிடைக்கும் என்றோ வாடகை குறைவு என்றோ அவர் இங்கே வரவில்லை. ஆபீஸ் முதலாளி இவாசாகியின் வீடு பக்கத்தில் இருக்கிறது. முதலாளியின் கண்ணில் படுகிற தூரத்தில் குடியிருந்தால் பதவி உயர்வு சீக்கிரம் வரும் என்பது கணக்கு.

புறநகரைப் பற்றி ஒரு வார்த்தை. 1923 செப்டம்பர் 1 அன்று வந்த பெரும் நிலநடுக்கமும் அதைத் தொடர்ந்த தீயும் பழைய டோக்கியோவின் பெரும்பகுதியை அழித்துவிட்டன. மாதச் சம்பளக்காரர்கள் தென்மேற்குப் பக்கம் நகர்ந்தார்கள். வயல்களுக்கு நடுவே மின்சார ரயில் பாதைகள் ஓட, அவற்றின் ஓரமாகப் புது வீடுகள் முளைத்தன. ஓசு ஷோச்சிகுவில் உதவி ஒளிப்பதிவாளராகச் சேர்ந்தது, நிலநடுக்கத்துக்கு முந்தைய மாதம். ஸ்டுடியோ இருந்த கமாட்டாவே இந்த ரயில் பாதைகள் கூடுகிற இடம்தான். அதனால் இந்தப் படத்தில் ரயில் வந்துகொண்டே இருக்கிறது. பையன்கள் சண்டை போடும்போது பின்னால் ஒரு ரயில்; அப்பா உடற்பயிற்சி செய்யும்போது வேலிக்கு அப்பால் ஒரு ரயில். கவனித்துப் பார்த்தால் சிரிப்பு வரும். ஒரு ரயிலுக்காகவும் கதை நிற்பதில்லை. ஒரு ரயிலும் கதையை விட்டுப் போவதில்லை.

பையன்களின் உலகம் தனி ராஜ்யம். புதிதாக வந்த அண்ணன் தம்பியை உள்ளூர்ப் பிள்ளைகள் அடிக்கிறார்கள். பயந்துபோன இருவரும் பள்ளிக்கூடத்துக்கு மட்டம் போட்டுவிட்டு வயல்வெளியில் உட்கார்ந்து சாப்பாட்டு டப்பாவைத் திறக்கிறார்கள். வாத்தியார் போட்ட மாதிரி மதிப்பெண்ணைச் சாக்கே மதுக்கடைப் பையன் ஒருவனைக் கொண்டு எழுதிக்கொள்கிறார்கள். சிட்டுக்குருவி முட்டையைப் பச்சையாக உறிஞ்சினால் பலம் வரும் என்பது அங்கே எல்லாப் பிள்ளைகளும் நம்புகிற வைத்தியம். கடைசியில் இவர்களே அந்தக் கூட்டத்துக்குத் தலைவர்கள் ஆகிறார்கள். ஆன பிறகு ஒரு விளையாட்டு. தலைவன் கையால் ஒரு சைகை காட்டினால் எதிரே நிற்பவன் செத்த மாதிரி மல்லாந்து விழ வேண்டும். இன்னொரு சைகை வரும்வரை எழுந்திருக்கக் கூடாது. முதலாளியின் மகன் டாரோவும் விழுகிறான். நல்ல உடுப்பு, மண் தரை, எதுவும் கணக்கில் இல்லை. யார் பெரியவன் என்பதைப் பிள்ளைகள் தங்களுக்குள் தீர்த்துக்கொண்டாயிற்று. தங்கள் ராஜ்யத்தில் சரியாக இருக்கிற இந்தக் கணக்கு, அப்பாக்களின் ராஜ்யத்தில் எப்படித் தலைகீழாக மாறும் என்று அவர்களுக்குப் புரியவில்லை. படத்தின் துயரம் முழுவதும் இந்த ஒரு இடத்திலிருந்து வருகிறது.

ஓசுவின் குறும்புக்கும் ஒரு உதாரணம் தந்துவிடுகிறேன். ஆபீஸில் வரிசையாக மேசைகள். காமிரா அவற்றின் பக்கவாட்டில் நகர்ந்துகொண்டே போகிறது. அது கடக்கும்போது ஒவ்வொரு ஊழியரும் கொட்டாவி விடுகிறார். ஒருவர் மட்டும் விடவில்லை. காமிரா அவரைத் தாண்டிப் போய்விட்டுப் பின்னால் திரும்பி வருகிறது, அவரும் கொட்டாவி விட்ட பிறகுதான் மேலே போகிறது. பள்ளிக்கூட மைதானத்தில் பிள்ளைகள் வரிசையில் நிற்கிற காட்சியும் இதே நகர்வால் ஆபீஸோடு கோக்கப்பட்டிருக்கிறது. ஓசு காமிராவையே நகர்த்தமாட்டார் என்று கேள்விப்பட்டவர்கள் இந்த இளம் வயது ஓசுவைப் பார்க்க வேண்டும்.

சரி, புரொஜெக்டர்.

முதலாளி இவாசாகிக்குப் படம் எடுப்பது பொழுதுபோக்கு. ஒரு மாலை, ஆபீஸ்காரர்களை வீட்டுக்கு அழைத்துத் தான் எடுத்ததைப் போட்டுக் காட்டுகிறார். யோஷி போயிருக்கிறார். டாரோவின் நண்பர்கள் என்ற முறையில் மகன்கள் இருவரும் வந்து உட்கார்கிறார்கள். விளக்கை அணைக்கிறார்கள். முதலில் மிருகக்காட்சிசாலை. சிங்கம் வருகிறது, வரிக்குதிரை வருகிறது. வரிக்குதிரைக்கு வெள்ளை உடம்பில் கறுப்புக் கோடா, கறுப்பு உடம்பில் வெள்ளைக் கோடா என்று பையன்களுக்குள் தகராறு வந்துவிடுகிறது. அடுத்து முதலாளியே திரையில், கெய்ஷாப் பெண்களோடு. பக்கத்தில் அவர் மனைவி உட்கார்ந்திருக்கிறார்! அவசரமாக அதைத் தாண்டுகிறார்கள். பிறகு ஆபீஸ் காட்சி. யோஷி வருகிறார். கண்ணை உருட்டுகிறார், வாயைக் கோணுகிறார், முகத்தை அஷ்டகோணலாக்குகிறார். அறை முழுவதும் சிரிப்பு. மகன்களுக்கு முதலில் ஒன்றும் புரியவில்லை. பிறகு புரிகிறது. புரிந்த கணத்தில் அந்த இரண்டு முகங்களிலிருந்தும் சிரிப்பு இறங்கிப் போவதை ஓசு அவசரப்படாமல் காட்டுகிறார்.

இந்தக் காட்சியில் யாரும் யோஷியை அவமானப்படுத்தவில்லை. திட்டவில்லை, வேலையைவிட்டு நீக்கவில்லை. எல்லோருக்கும் அவரைப் பிடித்திருக்கிறது. இதே கோணங்கித்தனத்தை வீட்டில் செய்திருந்தால் மகன்களே விழுந்து புரண்டு சிரித்திருப்பார்கள். காமிராவுக்குப் பின்னால் நின்றவர் டாரோவின் அப்பா என்பதுதான் விஷயம். எடுத்தவர் அவர், இயந்திரம் அவருடையது, சுவர் அவருடையது, பார்க்க வந்தவர்கள் அவரிடம் சம்பளம் வாங்குகிறவர்கள். வீட்டில் அதட்டுகிற அப்பாவின் இன்னொரு முகம் அவர் வசம் இருக்கிறது. எப்போது வேண்டுமானாலும் போட்டுக் காட்டலாம். சினிமாவுக்குள் சினிமா காட்டியவர்கள் எத்தனையோ பேர். படம் பிடிக்கிற கருவி யார் கையில் இருக்கிறது என்று 1932இல் இவ்வளவு தெளிவாகக் கேட்ட வேறு படம் எனக்குத் தெரிந்து இல்லை.

அந்தக் கேள்வியோடுதான் வீட்டு சினிமாவின் சரித்திரத்துக்குள் புகுந்தேன். புகுந்த இடத்தில் முதலில் கிடைத்தது 'பதே பேபி'.

பாரிஸின் பதே நிறுவனம் 1922 கிறிஸ்துமஸுக்காக விற்பனைக்குக் கொண்டுவந்த குட்டி புரொஜெக்டர் அது. கையால் சுற்ற வேண்டும். அதற்கென்றே ஒரு புது அளவு பிலிம்: 9.5 மில்லிமீட்டர் அகலம். ஏன் இப்படி ஒரு விசித்திர எண்? தியேட்டரில் ஓடும் 35 மி.மீ. பிலிமில் துளைகள் இருக்கும் இரண்டு ஓரங்களையும் கழித்துவிட்டால் நடுவே 28.5 மி.மீ. மிஞ்சும். மூன்றால் வகுத்துப் பாருங்கள். இன்னொரு கெட்டிக்காரத்தனம் துளையில். மற்ற பிலிம்களில் துளை ஓரத்தில் இருக்கும். இதில் ஒரு படச்சட்டத்துக்கும் அடுத்த சட்டத்துக்கும் இடையில், நட்டநடுவில் ஒரே ஒரு துளை. ஓரத்தில் இடம் வீணாகாததால் கிட்டத்தட்ட முழு அகலமும் படத்துக்கே. ஆபத்தும் அங்கேயே இருந்தது. பிலிமை இழுக்கும் கொக்கி கொஞ்சம் இடம் தவறினாலும் கீறல் விழுவது படத்தின் நடு மையத்தில். நாயகியின் மூக்கின் மேலேயே கோடு விழும்.

என்னை வாரம் முழுவதும் விடாமல் பிடித்துக்கொண்டது இன்னொரு ஏற்பாடு. ஊமைப்படம் என்றால் நடுநடுவே எழுத்துச் சட்டங்கள் வரும். ஒரு வாசகத்தைப் படித்து முடிக்க ஐந்து விநாடி வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். விநாடிக்கு 16 சட்டம் என்றால் 80 சட்டங்கள். அரை மீட்டருக்கு மேல் பிலிம் அதற்கே போய்விடும். பதே பேபியின் சின்னப் பெட்டியில் இருப்பதோ மொத்தம் சுமார் 9 மீட்டர். ஒரு நிமிடத்துக்குச் சற்றே கூட ஓடும், அவ்வளவுதான். அதில் எழுத்துக்கு அரை மீட்டர் கொடுக்க முடியுமா? என்ன செய்தார்கள் தெரியுமா? எழுத்துச் சட்டத்துக்குப் பக்கத்தில் பிலிமின் ஓரத்தில் சின்னதாக ஒரு வெட்டு வெட்டினார்கள். அந்த வெட்டு கருவிக்குள் வந்ததும் பிலிம் தானாக நின்றுவிடும். கை சுற்றிக்கொண்டே இருக்கலாம், படம் நகராது. சில விநாடி கழித்துத் தானாகவே மறுபடி ஓடும். விளக்கின் சூடு குறைவு என்பதால் நிற்கிற சட்டம் பொசுங்காது. நீண்ட வாசகம் ஒன்றிரண்டு சட்டங்களில் முடிந்தது! கணினி என்ற பேச்சே இல்லாத காலத்தில், 'இங்கே நில், பிறகு போ' என்கிற கட்டளையை ஒரு கத்திரி வெட்டாகப் பிலிமின் ஓரத்தில் எழுதிவைத்திருக்கிறார்கள். இதைக் கண்டுபிடித்தவரை நேரில் பார்த்தால் கையைப் பிடித்துக்கொண்டு விடமாட்டேன்.

இன்று இந்தப் பிலிம்களை மீட்டெடுப்பவர்களுக்கு இதுவே ஒரு தலைவலி. வெட்டைப் படிக்கத் தெரியாத இயந்திரத்தில் ஓட்டினால் எழுத்துகள் மின்னல் மாதிரி வந்து மறைந்துவிடும். ஒவ்வொரு எழுத்துச் சட்டத்தையும் தேடிப் பிடித்துத் தனியாக நீட்டிப் பிரதி எடுக்க வேண்டும்.

ஜப்பானின் வசதியான குடும்பங்கள் இந்தக் கருவியை விரும்பி வாங்கின. காமிராவும் வந்தது. குழந்தை தவழ்வது, பூ பார்க்கப் போவது, கடற்கரைக்குப் போவது என்று குடும்பங்கள் தங்களைத் தாங்களே எடுத்துக்கொண்டன. இவாசாகி முதலாளி அந்த வர்க்கத்துப் பிரதிநிதி.

அதே காமிராவோடு இன்னொரு மனிதரும் டோக்கியோ தெருவில் இறங்கினார். பெயர் சாசா கென்ஜு. இடதுசாரி நாடகக் குழுவினரோடு இருந்த இளைஞர். 1927 மே தின ஊர்வலத்தை ஒரு பதே பேபி காமிராவால் படம் பிடித்தார். நோடா நகரத்தின் சோயா சாஸ் தொழிற்சாலையில் 1927இல் தொடங்கி 200 நாட்களுக்கு மேல் நீடித்த வேலைநிறுத்தம் ஒன்று உண்டு. சாசா அங்கேயும் போய்ப் படம் எடுத்தார். பெரிய ஸ்டுடியோ காமிராவைத் தூக்கிக்கொண்டு அந்தக் கூட்டத்துக்குள் யாராலும் போக முடியாது; பணமும் கிடையாது. உள்ளங்கையில் அடங்குகிற, பணக்காரக் குடும்பங்கள் பிள்ளைகளை எடுக்க வாங்கிய இந்தச் சின்னக் கருவி அங்கே நுழைந்தது. 1928இல் 'செங்கி' என்ற பத்திரிகையில் சாசா ஒரு கட்டுரை எழுதினார். பொம்மை, ஆயுதம், காமிரா என்ற மூன்று சொற்களையும் அதன் தலைப்பிலேயே பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். அடுத்த ஆண்டு 'புரோகினோ' என்ற பாட்டாளி வர்க்கத் திரைப்பட அமைப்பு உருவானது. போலீஸ் நெருக்கடியில் 1934 வாக்கில் கலைந்தது.

ஓசு அந்த அணியைச் சேர்ந்தவர் அல்ல. கொடி பிடித்தவரும் அல்ல. காமிரா யார் கையில் இருக்கிறது என்ற கேள்வியை ஒருவர் கட்டுரையில் எழுதினார். மற்றொருவர் இரண்டு சிறுவர்களின் முகத்தில் எழுதினார். இரண்டுக்கும் நடுவே நான்கே ஆண்டுகள். இவர்களை ஒரே பக்கத்தில் வைத்துப் பார்க்கத்தான் எனக்கு ஆசை.

இனி இந்த வாரத்தின் உண்மையான சந்தோஷம். படத்தில் தம்பியாக நடிக்கும் குண்டுக் கன்னப் பையனின் பெயர் டோமியோ அவோகி. 1923இல் பிறந்தவன். டைட்டிலில் அவன் பெயர் 'டொக்கான் கோசோ' என்றே வரும். அது 1929இல் அவன் நடித்த ஓசு படத்தின் பெயர். அந்தப் படம் பிடித்துப்போய் ஜனங்கள் அவனை அந்தப் பெயரிலேயே கூப்பிட ஆரம்பித்துவிட்டார்கள். பிற்பாடு முதியவராகும் வரை நடித்து, 2004இல் காலமானார். அந்த 1929 படம், ஓ ஹென்றியின் பிரபலமான கதையிலிருந்து வந்தது: ஒருவன் ஒரு பையனைக் கடத்துகிறான், பையன் படுத்துகிற பாடு தாங்காமல் திருப்பி விட்டுவிடப் படாதபாடு படுகிறான். மூன்றே நாளில் எடுத்த சின்னப் படம். தியேட்டர் பிரதி அழிந்துபோயிற்று. படமே இல்லை என்றுதான் பல காலம் எழுதினார்கள். 1988இல் அது கிடைத்தது. எந்த வடிவத்தில்? வீட்டில் போட்டுப் பார்ப்பதற்காகச் சுருக்கி விற்கப்பட்ட 9.5 மி.மீ. பிரதி!

தியேட்டர் பிலிம் நைட்ரேட்டால் ஆனது. ஒரு பொறி போதும், குப்பென்று பற்றிக்கொள்ளும்; பிறகு தண்ணீர் ஊற்றினாலும் அணையாது. நிலநடுக்கத் தீ, போரின் குண்டுவீச்சு, கிடங்குகளின் ஈரம், பழைய படத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்ற அலட்சியம் எல்லாம் சேர்ந்து ஜப்பானிய ஊமைப்படங்களில் மிகச் சொற்பத்தையே மிச்சம் விட்டிருக்கின்றன. ஓசுவின் முதல் படமே இன்று இல்லை. வீட்டுக்குக் கொடுக்கிற பொருள் என்பதால் பதே தன் குட்டி பிலிமை எளிதில் தீப்பற்றாத அசிடேட்டில் செய்தது. யாரோ ஒரு குடும்பம் அலமாரியில் போட்டு மறந்த பெட்டி, ஸ்டுடியோ கிடங்கைவிடப் பத்திரமாக இருந்திருக்கிறது. சுமார் 38 நிமிடப் படத்தில் அப்படிக் கிடைத்தது 14 நிமிடத்துக்குக் கிட்ட. பிறகு சற்றே நீளமான இன்னொரு வீட்டுப் பிரதியும் வெளிவந்தது.

இது தனிச் சம்பவம் அல்ல. தியேட்டரில் ஓடித் தேய்ந்த பிரிண்டுகளைத் துண்டுதுண்டாக வெட்டி, சிறுவர்களுக்கான தகர புரொஜெக்டரோடு விற்கிற வியாபாரம் அந்நாளைய ஜப்பானில் நடந்தது. வாள்சண்டைப் படங்களில் சண்டை மட்டும் ஒரு நிமிடம், குதிரை ஓடுவது அரை நிமிடம் என்று. பல படங்களில் இன்று மிச்சமிருப்பது அந்தத் துண்டு மட்டுமே. இவற்றைச் சேர்ப்பதற்கென்றே கியோட்டோவில் ஒரு பொம்மை சினிமா அருங்காட்சியகம் இருக்கிறது. அதைப் பற்றி ஒரு முழு வாரம் எழுதியாக வேண்டும்.

பிழைத்து வந்த அந்த 1929 துண்டைப் போட்டுப் பார்த்தால், பையனைக் கடத்துகிறவனாக வருகிற நடிகர் தத்சுவோ சைட்டோ. அவனை ஏவுகிற தலைவன் தகேஷி சகமோட்டோ. மூன்று ஆண்டு கழித்து எடுத்த நம் படத்தில் அப்பா யோஷி யார்? அதே சைட்டோ. முதலாளி இவாசாகி? அதே சகமோட்டோ. பையன் அதே பையன்! மேலே ஒரு தலைவன், நடுவில் அவன் சொன்னபடி ஆடுகிற ஒல்லியான ஆள், கீழே எதற்கும் அடங்காத சிறுவன். 1929இல் இந்த மூவரையும் வைத்து ஓசு ஊரைச் சிரிக்க வைத்தார். நடுவில் இருக்கிறவன் இரண்டு பக்கமும் அடி வாங்குவதுதான் அங்கே வேடிக்கை. 1932இல் அந்த நடு ஆளுக்கு ஒரு சம்பளம் கொடுத்தார், ஒரு வீடு கொடுத்தார், அந்தச் சிறுவனை அவனுக்கே மகனாக்கினார். சிரிப்பு தொண்டையில் நின்றுவிட்டது. ஒரு கலைஞன் தன் பழைய வேடிக்கைக்குள்ளிருந்தே துக்கத்தைத் தோண்டி எடுத்ததற்கு இதைவிட நேரான சாட்சி எனக்குக் கிடைத்ததில்லை.

மறுபடி 1932 படத்துக்கு வருவோம். முதலாளியின் படக்காட்சி முடிந்து வீட்டுக்குத் திரும்பியதும் சண்டை வெடிக்கிறது. பெரிய ஆளாக வர வேண்டும் என்று எங்களிடம் சொல்கிறாயே, நீ ஏன் டாரோவின் அப்பாவுக்குக் கும்பிடு போடுகிறாய் என்று பெரியவன் கேட்கிறான். அவர்தான் சம்பளம் தருகிறார் என்கிறார் அப்பா. வாங்காதே என்கிறான். வாங்காவிட்டால் சாப்பாடு ஏது என்கிறார். அப்படியென்றால் நாங்கள் சாப்பிடமாட்டோம்! பதில் சொல்ல முடியாத அப்பா மகனைப் பிடித்து அடிக்கிறார். இரவு பையன்கள் தூங்கிய பிறகு மதுவைக் குடித்தபடி மனைவியிடம் பேசுகிறார். தன்னைப் போல இவர்களும் காலம் முழுக்க யாருக்கோ வளைந்துகொண்டிருக்கக் கூடாது என்று, தூங்குகிற முகங்களைப் பார்த்துச் சொல்கிறார். மனைவியாக வரும் மிட்சுகோ யோஷிகாவா அதிகம் செய்வதில்லை; கேட்டுக்கொண்டிருக்கிறார். அந்தக் கேட்பதிலேயே அந்த வீட்டின் வரவு செலவு முழுவதும் தெரிகிறது.

மறுநாள் காலை உண்ணாவிரதம். இரண்டு பேரும் தோட்டத்தில் வீட்டுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருக்கிறார்கள். அம்மா சோற்று உருண்டைகளைத் தட்டில் கொண்டுவருகிறாள். பசி ஜெயிக்கிறது. அப்பாவும் வந்து பக்கத்தில் உட்கார்ந்து ஒரு உருண்டையை எடுத்துக்கொள்கிறார். என்னவாகப் போகிறாய் என்று சின்னவனைக் கேட்கிறார். லெப்டினன்ட் ஜெனரல் என்கிறான். ஏன், ஜெனரலாகவே ஆகலாமே? அண்ணன் ஜெனரல் ஆகப்போகிறான், அதனால் முடியாது.

இந்தப் பதிலுக்குத் தியேட்டரில் சிரித்திருப்பார்கள். ஆனால் தேதியைப் பாருங்கள். படம் வெளியாவதற்கு மூன்று வாரத்துக்கும் குறைவான காலம் முன்பு, மே 15 அன்று, இளம் கடற்படை அதிகாரிகள் பிரதமர் இனுகாய் சுயோஷியை அவர் இல்லத்திலேயே சுட்டுக் கொன்றார்கள். அப்போது டோக்கியோவில் விருந்தாளியாக இருந்தவர் சார்லி சாப்ளின்! சதிகாரர்கள் அவரையும் கொல்ல யோசித்திருந்தார்கள். அந்த நேரத்தில் சாப்ளின் பிரதமரின் மகனோடு சுமோ மல்யுத்தம் பார்க்கப் போயிருந்தார். இந்தப் பையன்களின் வயதோடு பத்து ஆண்டு கூட்டிப் பாருங்கள். ஓசுவே 1937இல் படைக்கு அழைக்கப்பட்டுச் சீனாவுக்கு அனுப்பப்பட்டார்.

இந்தப் படத்தை எடுப்பதும் சுலபமாக நடக்கவில்லை. 1931 நவம்பரில் தொடங்கி, சிறுவன் ஒருவன் காயப்பட்டதால் நிறுத்தினார்கள். இடைவெளியில் ஓசு வேறொரு படத்தையே எடுத்து முடித்துவிட்டார்; அந்தப் படம் இன்று இல்லை. கடைசியில் இது முடிந்து வந்தபோது ஸ்டுடியோவின் தலைவர் கிடோ ஷிரோவுக்கு முகம் வாடியது. சிரிப்பும் கண்ணீரும் கலந்து, ஜனங்கள் தெம்போடு வீட்டுக்குப் போக வேண்டும் என்பது அவர் வகுத்த கமாட்டா பாணி. இது இருண்டு கிடக்கிறது என்று சுமார் இரண்டு மாதம் வெளியிடாமல் வைத்திருந்தார்கள். சிறுவர்களைப் பற்றிய படமாக ஆரம்பித்துப் பெரியவர்களைப் பற்றிய படமாக முடிந்துவிட்டது என்று ஓசுவும் பின்னாளில் சொன்னார். 27 ஆண்டு கழித்து 'ஒஹாயோ' (1959) படத்தில் மறுபடி இரண்டு சகோதரர்களை வேலைநிறுத்தத்தில் உட்கார வைத்தார். அங்கே கோரிக்கை டெலிவிஷன் பெட்டி; போராட்டம், பேச மறுப்பது. வண்ணமும் ஒலியும் வந்துவிட்ட அந்தப் படம் இனிமையானது. எனக்கு ஊமைப்படத்துப் பையன்களைத்தான் பிடிக்கும். அவர்கள் கேட்டது பொருளை அல்ல.

ஷோச்சிகுவின் முதல் முழுநீளப் பேசும்படம் 1931லேயே வந்துவிட்டது. ஓசு மட்டும் ஏன் 1930களின் நடுப்பகுதி வரை ஊமையாகவே எடுத்தார்? அவருடைய ஒளிப்பதிவாளர் ஹிடியோ ஷிகெஹரா சொந்தமாக ஒரு ஒலிப்பதிவு முறையை உருவாக்கிக்கொண்டிருந்தார். அது தயாராகும்வரை காத்திருக்கிறேன், வேறு முறையில் பேசும்படம் எடுக்கமாட்டேன் என்று ஓசு நண்பருக்கு வாக்குக் கொடுத்திருந்தார். 1936இல் வந்த 'ஒரே மகன்' படத்தில் அந்த வாக்கைக் காப்பாற்றினார்.

ஆனால் 1932 ஜூனில் இந்தப் படத்தைப் பார்க்கப் போனவர்கள் நிசப்தத்தில் உட்கார்ந்திருக்கவில்லை. யோஷி முகத்தைக் கோணியபோதும், மகன் கேள்வி கேட்டபோதும், பென்ஷி ஒருவரின் குரல் அரங்கத்தை நிறைத்திருந்தது. அதே 1932இல்தான் பேசும்படத்தால் வேலை போகும் நிலையில் பென்ஷிகள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். அந்தப் போராட்டத்தின் முன்வரிசையில் நின்றவர்களில் ஒருவர் ஹெய்கோ. வெளிநாட்டுப் படங்களுக்குக் குரல் கொடுத்துப் பெயர் வாங்கியவர். அடுத்த ஆண்டே தன் உயிரை மாய்த்துக்கொண்டார். அவர் கூட்டிக்கொண்டு போய்க் காட்டிய படங்களைப் பார்த்து வளர்ந்த தம்பியின் பெயர் அகிரா குரோசாவா. அடுத்த வாரம் ஹெய்கோவிடமிருந்து ஆரம்பிக்கிறேன்.

(தொடரும்)